இரண்டு மடங்கு கட்டினால் கடன் தீர்ந்தது: வீட்டுக் கடனின் நிஜ விலை

இன்னைக்கு ஒரு எண்ணோட ஆரம்பிக்கலாம். 50 லட்ச ரூபாய் வீட்டுக் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருஷம். மாசத் தவணை, அதாவது இ.எம்.ஐ., 43,391 ரூபாய். இதை 240 மாசத்தால பெருக்கிப் பாருங்க. 1 கோடியே 4 லட்சத்துச் சொச்சம் வரும். வாங்கினது 50 லட்சம். கட்டுறது இரண்டு மடங்குக்கும் கொஞ்சம் மேல.

இந்தக் கணக்கை நீங்க ரீல்ஸ்ல பத்துத் தடவையாவது பார்த்திருப்பீங்க. இதைக் காட்டி "வீடே வாங்காதீங்க"ன்னு ஒருத்தர் சொல்வார். அடுத்த ரீல்ல இன்னொருத்தர் "வாடகை கட்டுறது தண்டம்"பார். நான் அந்தச் சண்டைக்குள்ள போகல. என்னை இழுத்தது வேற விஷயம். "வாங்கினதுல இரண்டு மடங்கு" என்ற இதே கோட்டை நம்ம ஊர்ல ஒரு சட்டம் ஏற்கெனவே போட்டிருக்கு. 1938-ல, சென்னை மாகாணத்துல. அசலும் வட்டியும் சேர்த்து, வாங்கினதைப் போல இரண்டு மடங்கு கட்டியாச்சுன்னா, கடன் முழுசாகத் தீர்ந்துவிட்டதாகக் கருதப்படும் என்று அந்தச் சட்டம் சொன்னது.

அந்தக் கோட்டை நம்ம கடன் மேல வச்சுப் பார்த்தேன். 20 வருஷக் கடன்ல 231-ஆவது தவணையிலேயே இரண்டு மடங்கைத் தாண்டிடுறோம். மீதி 9 தவணை. 30 வருஷக் கடனா இருந்தா தவணை 38,446 ரூபாய். 261-ஆவது மாசம் கோட்டைத் தாண்டுறோம். அதுக்கு அப்புறமும் 99 தவணை பாக்கி இருக்கு. எட்டு வருஷத்துக்கும் மேல!

அப்படி ஒரு சட்டம் ஏன் வந்தது, அது எதைச் சரியா புரிஞ்சுக்கிட்டது, இன்னைக்கு ஃப்ளாட் வாங்குற நமக்கு அதுல என்ன இருக்கு? இதுதான் இந்த எபிசோட்.

அசலே திரும்பாத கடன்

முதல்ல ஆயிரம் வருஷம் பின்னாடி போவோம். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகள்ல நிறைய பணக் கணக்கு இருக்கு. கோயிலுக்குக் கொடுத்த காசை ஊர்ச் சபைகள்கிட்ட ஒப்படைப்பாங்க. சபை வருஷாவருஷம் வட்டி கட்டணும். வட்டிக்கு அப்போ பேரு பொலிசை. ஒரு காசுக்கு வருஷத்துக்கு அரைக்கால் காசு, அதாவது எட்டில் ஒரு பங்கு. இன்றைய மொழியில 12.5 சதவீதம்.

இதுல கவனிக்க வேண்டியது, அசலைத் திருப்பிக் கொடுக்கும் பேச்சே கிடையாது. காசு சபைகிட்டயே இருக்கும், வட்டி கோயிலுக்குப் போய்க்கிட்டே இருக்கும். எட்டு வருஷத்துல வட்டியே அசல் அளவுக்கு வந்துடும், ஆனா அசல் ஒரு காசுகூடக் குறையாது. விளக்கெரிக்க ஆடு கொடுத்த கதையும் இதேதான். 96 ஆடு கொடுத்தா ஒரு விளக்கு என்றென்றைக்கும் எரியணும். ஆடு சாகும், குட்டி போடும், எண்ணிக்கை மட்டும் 96-லயே நிக்கணும். அதனாலதான் அதுக்கு "சாவா மூவாப் பேராடு"ன்னு பேரு.

தானத்துக்கு இது அழகான ஏற்பாடு. ஒரு குடும்பத்தோட கடன் இப்படி இருந்தா என்ன ஆகும்? வட்டி கட்டிக்கிட்டே இருக்கலாம், அசல் சாகாது, மூக்காது.

கூரை இருந்த காலம், கூரை போன காலம்

கடன் வாங்கினவனுக்கு ஒரு பாதுகாப்பு வேணும்ங்கிற யோசனை புதுசு இல்ல. பழைய தர்மசாஸ்திரங்கள்ல ஒரு விதி உண்டு: ஒரே சமயத்தில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக் கூடாது. இதை மேற்கிந்தியாவில் தாம்துபட் என்பார்கள். பிரிட்டிஷ் காலத்துல பம்பாய் மாகாண நீதிமன்றங்களும் கல்கத்தா நகர நீதிமன்றமும் இதை இந்துக்களுக்கு நடைமுறைப்படுத்தின. சென்னை மாகாணத்தில் இந்த விதி செல்லாது என்றே தீர்ப்புகள் வந்தன.

இன்னொரு பக்கம், 1855-ல பிரிட்டிஷ் இந்தியாவில் வட்டிக்கு இருந்த சட்ட உச்சவரம்பு ரத்தாச்சு. இரண்டு பேர் சம்மதிச்சு எழுதிக்கிட்டா எந்த வட்டியும் செல்லும். கூரை போயிடுச்சு.

அப்புறம் 1882. சொத்துரிமை மாற்றுச் சட்டம். நீங்க இன்னைக்கு பேங்க்ல வீட்டுக் கடன் வாங்கும்போது மூலப் பத்திரத்தைக் கொண்டுபோய்க் கொடுப்பீங்களே, அது இந்தச் சட்டத்தோட 58-ஆம் பிரிவுல வர்ற ஒரு வகை அடமானம். ஆரம்பத்துல பத்திரத்தை ஒப்படைச்சு அடமானம் வைக்கிற இந்த வசதி கல்கத்தா, மெட்ராஸ், பம்பாய் மாதிரி வணிக நகரங்களுக்குத்தான் இருந்தது. ஊர்ப்பக்கம் ஒத்தின்னும் போக்கியம்னும் சொல்ற வகையும் அதே பிரிவுல இருக்கு. அதுல வட்டிக்குப் பதிலா சொத்தோட அனுபவத்தையே கொடுத்துடுறோம். சென்னையில வாடகை இல்லாம மொத்தமா சில லட்சம் கொடுத்து "லீசுக்கு" வீடு எடுக்கிறாங்களே, அந்த ஏற்பாட்டுக்கும் ஒத்திதான் மூத்த அண்ணன்.

1930: கடன் மாறல, நெல் விலை மாறிடுச்சு

இப்போ கதையோட மையத்துக்கு வர்றோம். 1929-ல உலகப் பொருளாதாரப் பெருமந்தம் ஆரம்பிக்குது. விளைபொருள் விலை சரியுது. பர்மாவில் நெல் விலை பாதிக்கும் கீழே போனது.

பர்மான்னா நமக்கு உடனே செட்டிநாடு ஞாபகம் வரும். கீழ் பர்மாவோட நெல் வயல்களுக்குக் கடன் கொடுத்ததுல நகரத்தார் வட்டிக் கடைகளுக்குப் பெரிய பங்கு. அவங்க தொழில் கடன் கொடுப்பது; நிலம் வச்சுக்கிறது அவங்க நோக்கமா இருக்கல. ஆனா அங்குள்ள 13 முக்கிய நெல் மாவட்டங்களின் கணக்கைப் பாருங்க. 1930-ல அங்க இருந்த நிலத்தில் சுமார் 6 சதவீதம் செட்டியார்கள் கையில் இருந்தது. 1937-ல அது 25 சதவீதம். ஏழு வருஷத்துல நாலு மடங்கு. கடன் வாங்கின பர்மிய விவசாயியால கட்ட முடியல, அடமானத்துல இருந்த நிலம் கைமாறிடுச்சு. அந்தக் கோபம் பர்மாவில் இந்தியர்கள் மேலேயே திரும்பினது தனிக் கதை. கடன் கொடுத்தவங்களும் ஜெயிக்கல. கையில பணத்துக்குப் பதிலா விலைபோகாத நிலம் நின்னது. பின்னால போரும் தேசியமயமும் வந்தப்போ அதுவும் போச்சு.

இங்க ஒரு சின்னக் கணக்கு. புரியுறதுக்காக நானே போட்ட எண்கள். ஒரு விவசாயி 500 ரூபாய் கடன் வாங்குறார். மூட்டை நெல் 5 ரூபாய். அப்போ அவர் கடன் 100 மூட்டை. நெல் விலை இரண்டரை ரூபாய்க்கு விழுது. பத்திரத்துல அதே 500 ரூபாய்தான், வட்டியும் அதே வட்டிதான். ஆனா அவர் களத்துல இருந்து பார்த்தா கடன் இப்போ 200 மூட்டை. ஒரு ரூபாய்கூடப் புதுசா வாங்காம கடன் இரட்டிப்பாகிடுச்சு.

கடனோட நிஜ விலை பத்திரத்துல இல்ல. கடனுக்கும் வருமானத்துக்கும் நடுவுல இருக்கு. இந்த ஒரு வரியை மட்டும் ஞாபகம் வச்சுக்கோங்க, கடைசில தேவைப்படும்.

ராஜாஜி அரசின் சட்டம்

சென்னை மாகாணத்திலும் இதே நிலைமை. 1937-ல ராஜாஜி தலைமையில் காங்கிரஸ் அரசு பதவிக்கு வந்தது. 1938-ல சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் நிறைவேறியது. அதுல முக்கியமானவை மூணு.

ஒண்ணு, 1932 அக்டோபர் 1-க்கு முன்னாடி வாங்கின கடன்னா, 1937 அக்டோபர் 1 வரைக்கும் நிலுவையில இருந்த வட்டி முழுக்கத் தள்ளுபடி. அசல் மட்டும் கட்டினா போதும். இரண்டு, அந்தப் பழைய கடன்ல அசலாகவோ வட்டியாகவோ ஏற்கெனவே இரண்டு மடங்கு கட்டியிருந்தா, அசலும் சேர்த்துக் கடனே தீர்ந்தது. மூணு, அந்தத் தேதிக்கு அப்புறம் வாங்கின கடனுக்கு 5 சதவீதத் தனிவட்டி கணக்கு.

சென்னை நீதிமன்றங்கள் ஏற்காத ஒரு பழைய விதியோட சாயல், சட்டமன்றம் வழியா உள்ளே வந்த மாதிரி எனக்குத் தெரியுது. இரண்டும் ஒண்ணு கிடையாது. பழைய விதி ஒரு சமயத்தில் கேட்கும் வட்டியைத்தான் கட்டுப்படுத்தியது. 1938 சட்டம் அதுவரை கட்டிய மொத்தத்தையும் கூட்டிப் பார்த்தது.

ரொம்ப உற்சாகப்பட வேண்டாம். வருமான வரி கட்டுறவங்க இந்தச் சட்டத்தின்படி விவசாயி கிடையாது. அதாவது நம்ம மாதிரி படிவம் 16 வாங்குற ஆளுங்களுக்கு 1938-லயும் கதவு மூடித்தான் இருந்திருக்கும்! கூட்டுறவுச் சங்கக் கடனையும் அந்தச் சட்டம் தொடல.

தவணை என்ற கண்டுபிடிப்பு

கூட்டுறவுக் கடனை ஏன் விட்டாங்க? அது வேற மாதிரி கடனா வளர்ந்துக்கிட்டு இருந்தது. 1929-ல சென்னையில் மத்திய நில அடமான வங்கி தொடங்கப்பட்டது. நிலத்தை அடமானமா வாங்கி, நீண்ட காலத்துக்குப் பிரிச்சு, வருஷத் தவணையா வசூலிக்கிறது அதோட வேலை. ஒவ்வொரு தவணையிலும் கொஞ்சம் வட்டி, கொஞ்சம் அசல்.

அதே பெருமந்தத்துல அமெரிக்கா வேறொரு வழியா இதே இடத்துக்கு வந்தது. அதுவரைக்கும் அங்க பெரும்பாலான வீட்டுக் கடன்கள் சில வருஷக் கடன்கள்தான். வட்டி மட்டும் கட்டிக்கிட்டு வந்து, கடைசில அசலை ஒரே அடியா வைக்கணும், இல்லன்னா கடனைப் புதுப்பிக்கணும். 1930-களில் வங்கிகளே சரிஞ்சப்போ புதுப்பிக்க ஆள் இல்ல, வீடுகள் போச்சு. 1934-ல வந்த தேசிய வீட்டுவசதிச் சட்டம், 20 வருஷம் வரைக்கும் சம தவணையில் அசலும் சேர்ந்து கரையும் கடன்களுக்கு அரசுக் காப்பீடு கொடுத்தது.

இந்தியாவில் சம்பளக்காரங்களுக்கு இது பரவலா வந்தது 1977-க்கு அப்புறம்தான். அந்த வருஷம் ஹஸ்முக் பரேக், தன்னோட அறுபதுகள்ல, ஓய்வு பெற்ற பிறகு எச்.டி.எஃப்.சி.யைத் தொடங்கினார். அதுக்கு முன்னாடி சராசரிக் குடும்பம் பணி ஓய்வுப் பணத்தை வச்சுத்தான் வீடு கட்டும். 58 வயசுல கிடைச்ச வீட்டை 30 வயசுக்குக் கொண்டுவந்தது இ.எம்.ஐ.

அதனால இ.எம்.ஐ.யை வில்லனாக்க எனக்கு மனசு வரல. சாவா மூவா அசலைக் கொல்றதுக்குக் கண்டுபிடிச்ச ஆயுதம் அது. கேள்வி என்னன்னா, அது அசலை எவ்வளவு மெதுவா கொல்லுது?

தவணைக்குள்ள என்ன இருக்கு

முதல் மாசத் தவணை 43,391 ரூபாயைப் பிரிச்சுப் பாருங்க. வட்டி 35,417. அசலுக்குப் போறது 7,974 மட்டும். அஞ்சு வருஷம் கழிச்சு மொத்தம் 26 லட்சம் கட்டியிருப்பீங்க. அசல்ல குறைஞ்சது 6 லட்சத்துக்கும் கீழே. அசல் சரிபாதியாகக் குறைய 13 வருஷம் 10 மாசம் ஆகும். இதுல ஏமாத்து எதுவும் இல்ல, மீதியிருக்கிற அசலுக்கு வட்டி போட்டா இப்படித்தான் வரும்.

ஆபத்து எங்க வருதுன்னா, வட்டி மாறும்போது. 2020 மே முதல் 2022 மே ஆரம்பம் வரைக்கும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவீதம். 2023 பிப்ரவரியில 6.5. மொத்தம் இரண்டரை சதவீத உயர்வு, ஒரு வருஷத்துக்குள்ள. 2019 அக்டோபருக்கு அப்புறம் வங்கிகள் கொடுத்த மிதக்கும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ மாதிரி வெளி அளவுகோலோட கட்டப்பட்டவை. அதனால உயர்வு நேரா கடனுக்கு வந்து சேர்ந்தது.

பைத்தான்ல சின்னதா ஒரு நிரல் எழுதி ஓட்டிப் பார்த்தேன். 6.75 சதவீதத்துல 50 லட்சம், 20 வருஷம், தவணை 38,018. ஒரு வருஷம் கழிச்சு வட்டி ஒரேயடியா 9.25 ஆகுதுன்னு வச்சுக்கோங்க. மீதி அசல் 48.78 லட்சம். அதுக்கு ஒரு மாச வட்டி மட்டும் 37,598. தவணையை மாத்தாம விட்டா அசலுக்குப் போறது மாசம் 420 ரூபாய்! கடன் முடிய 587 மாசம் ஆகும். ஏறக்குறைய 49 வருஷம். 30 வயசுல கடன் வாங்கினவர் 80 வயசுல முடிப்பார். இன்னும் கால் சதவீதம் ஏறினா தவணை வட்டிக்கே பத்தாது, அசல் வளர ஆரம்பிச்சிடும்.

வங்கிகள் ஓய்வு வயசை வச்சு ஒரு வரம்பு போடுறதால, நடைமுறையில ஒரு கட்டத்துல தவணையை ஏத்திடுவாங்க. ஆனா வட்டி ஏறினா முதல்ல தவணையைத் தொடாம காலத்தை நீட்டுறதுதான் வழக்கமா இருந்தது. கணக்கிலிருந்து கழியுற தொகை மாறல, அதனால பலருக்கு எதுவும் தெரியல. 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது விளைவைத் தெரிவிக்கணும். தவணையை ஏத்துறதா, காலத்தை நீட்டுறதா, இரண்டும் கலந்தான்னு கடன் வாங்கினவர் தேர்ந்தெடுக்க வாய்ப்பு கொடுக்கணும். நீட்டியதால அசல் வளர்ற நிலை வரக் கூடாது.

அப்போ இரண்டு மடங்கு நிஜமா?

இங்கதான் அந்த ரீல்ஸ் கணக்கை நான் முழுசா நம்பல. 20 வருஷம் கழிச்சுக் கட்டுற ரூபாயும் இன்னைக்கு வாங்குற ரூபாயும் ஒண்ணு கிடையாது. விலைவாசி வருஷம் 5 சதவீதம் ஏறுதுன்னு வச்சா, கடைசித் தவணை 43,391 ரூபாய் இன்றைய மதிப்புல 16,000 சொச்சம்தான். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தா மொத்தம் சுமார் 66 லட்சம். இரண்டு மடங்கு எங்கே, 1.3 மடங்கு எங்கே!

1930-களின் விவசாயிக்கு நடந்ததோட நேர் எதிர் இது. அவருக்கு விலை விழுந்ததால கடன் கனத்தது. நமக்கு விலை ஏறுறதால கடன் லேசாகுது.

ஆனா ஒரு நிபந்தனை. விலைவாசியோட சேர்ந்து உங்க சம்பளமும் ஏறணும். பால் விலை ஏறி, வாடகை ஏறி, சம்பளம் மட்டும் நின்னுட்டா அந்த 66 லட்சக் கணக்கு உங்களுக்கு இல்ல. சம்பளமே போயிட்டா? நீங்க அந்தக் களத்து விவசாயிதான். 100 மூட்டைக் கடன் 200 மூட்டை ஆயிடும். தவணை 90 நாள் தவறினா கணக்கு வாராக் கடன். 2002-ஆம் வருஷத்து சர்ஃபேசி சட்டத்தின்படி வங்கி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டுக்குப் போகாமலேயே வீட்டை எடுக்கிற நடவடிக்கையைத் தொடங்கலாம். 1938 மாதிரி ஒரு அரசு வந்து கோடு போடும்னு நம்பி யாரும் கடன் வாங்க முடியாது.

எனக்கு 28 வயசு. எங்க வீட்லயும் "எப்போ வீடு?"ங்கிற கேள்வி ஓடிக்கிட்டுதான் இருக்கு. என் துறையில ஒரு வெள்ளிக்கிழமை மதியம் மெயில் வந்து வேலை போனவங்களை எனக்குத் தெரியும். அதனால இந்த வரலாற்றிலிருந்து எனக்காக மூணு கேள்வி எடுத்து வச்சிருக்கேன். உங்களுக்கும் உதவலாம்.

முதல் கேள்வி: சம்பளம் நின்னா எத்தனை மாசம் தவணை கட்ட முடியும்? முன்பணத்துக்கும் பத்திரப் பதிவுக்கும் கையிருப்பு மொத்தத்தையும் துடைச்சுக் கொடுத்துட்டு கடன்ல இறங்குறதுதான் இருக்கிறதுலயே விலை அதிகமான கடன்.

இரண்டாவது: வட்டி 2.5 சதவீதம் ஏறினா என் தவணை எவ்வளவு, காலம் எவ்வளவு? கையெழுத்துக்கு முன்னாடியே வங்கிகிட்ட எழுத்துல கேளுங்க. ஒவ்வொரு வருஷமும் கணக்கு அறிக்கையில மீதி மாசத்தை மட்டும் பாருங்க. அது ஒரு வருஷத்துல 12 குறைஞ்சிருக்கணும்.

மூணாவது: அசலை எப்போ அடிக்கப் போறேன்? தனிநபர் வாங்கிய மிதக்கும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைச்சா அபராதம் கிடையாது. வங்கிகளுக்கு 2012-லேயே ரிசர்வ் வங்கி அதைத் தடை பண்ணிடுச்சு. நம்ம 8.5 சதவீத உதாரணத்துல வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலா கட்டினா, 20 வருஷக் கடன் 16 வருஷம் 9 மாசத்துல முடியுது. மிச்சம் சுமார் 10 லட்சம். மொத்தம் கட்டினது 94 லட்சத்துக்கும் கீழே. அதாவது இரண்டு மடங்குக் கோட்டைத் தொடாமலேயே வெளியே வந்துடுறோம்.

உங்க கடன்ல அந்தக் கோடு எந்த மாசத்துல வருதுன்னு இன்னைக்கே கண்டுபிடிங்க. கடன் தொகையை இரண்டால பெருக்கி, தவணையால வகுத்தா போதும். விடை உங்க மொத்த மாசங்களைவிடக் குறைவா இருந்தா, அந்த இடைவெளியைச் சுருக்குறதுதான் உங்க வேலை. அடுத்த எபிசோட்ல மயிலாப்பூர் நிதிகளோட கதையோட வர்றேன்.